கண்ணில் பூச்சி பறக்கிறதா? மொரீசியஸ் வாசகர்களுக்கு விட்ரியஸ் விலகல் பற்றிய முழுமையான வழிகாட்டி

ஐம்பதைத் தாண்டியவர்கள் கூடுகிற இடத்தில், அது கோயில் அன்னதானமாக இருக்கட்டும், தமிழ்ச் சங்கக் கூட்டமாக இருக்கட்டும், "கண்ணுல பூச்சி பறக்கிற மாதிரி இருக்கு" என்று ஒருவராவது சொல்வார். "எனக்கும்தான், வயசாச்சு இல்ல" என்று பக்கத்தில் இருப்பவர் பதில் சொல்வார். பேச்சு அதோடு முடிந்துவிடும். அந்தப் பதில் பெரும்பாலும் சரிதான். ஆனால் திடீரென்று இது தொடங்கியவர்களில் ஏறக்குறைய 10 பேரில் ஒருவருக்கு விழித்திரையில் கிழிசலும் சேர்ந்து இருக்கும். அந்த ஒருவர் நீங்களா இல்லையா என்பதை அறிகுறியை மட்டும் வைத்து உங்களாலும் சொல்ல முடியாது, டாக்டராலும் சொல்ல முடியாது. சொட்டு மருந்து விட்டு, கண்மணியை விரித்து, உள்ளே பார்த்தால்தான் தெரியும்.

நான் டாக்டர் இல்லை, தமிழ் ஆசிரியர். என் வலது கண்ணில் இது வந்தது. அப்புறம் எங்கள் கோயில் பெரியவர்கள் சிலரை அழைத்துக்கொண்டு கண் மருத்துவமனைக்குப் போய் வந்திருக்கிறேன். நம் ஆட்கள் எதற்குப் பயப்படுகிறார்கள், எதை விட்டுவிடுகிறார்கள் என்று கண்ணெதிரே பார்த்ததால் எழுதுகிறேன்.

முதலில்: உள்ளே என்ன நடக்கிறது

கண்ணுக்கு முன்பக்கம் லென்ஸ், பின்பக்கச் சுவரில் ஒட்டிய மெல்லிய விழித்திரை. இரண்டுக்கும் நடுவே கண்ணின் ஐந்தில் நான்கு பங்கு இடத்தை நிரப்பி இருப்பது விட்ரியஸ் என்கிற தெளிந்த கூழ். மொத்தமே 4 மில்லி லிட்டர்தான், ஒரு தேக்கரண்டிக்கும் குறைவு. அதில் 98 சதவீதத்துக்கு மேல் தண்ணீர். மிச்சம் கொலாஜன் என்ற நுண்ணிய இழைகளும், தண்ணீரைப் பிடித்து வைக்கும் ஹைலூரானிக் அமிலமும்.

சிறு வயதில் இந்தக் கூழ் கட்டியாக, ஒரே சீராக இருக்கும். வயது ஏற ஏற அங்கங்கே நீர்த்துப் போகும், இழைகள் ஒன்றோடொன்று சேர்ந்து திரளும். போர்ட் லூயிஸ் சந்தையில் அலூடா குடித்திருப்பீர்கள். பாலுக்குள் கடல்பாசி இழைகள் மிதக்குமே, ஏறக்குறைய அந்த நிலைதான். வெளிச்சம் உள்ளே வரும்போது இந்த இழைகளின் நிழல் விழித்திரையில் விழுகிறது. நாம் பார்க்கும் பூச்சி, நூல், புள்ளி, ஒட்டடை எல்லாம் அந்த நிழல்தான். கண்ணைத் திருப்பினால் அதுவும் ஓடும், கண் நின்ற பிறகும் கொஞ்சம் நகர்ந்துதான் நிற்கும். நேராகப் பிடித்துப் பார்க்கப் போனால் நழுவிவிடும்.

இதன் அடுத்த கட்டம்தான் விலகல். நீர்த்த பகுதி கூழுக்குப் பின்னால் கசிந்து போக, கூழின் பின்புற உறை விழித்திரையை விட்டு உரிந்து முன்னால் வந்துவிடுகிறது. பெரும்பாலும் 50 வயதுக்கு மேல் நடக்கும். 70-களை எட்டும்போது பாதிப் பேருக்கு மேல் நடந்து முடிந்திருக்கும், பலருக்கு நடந்ததே தெரிந்திருக்காது. கிட்டப்பார்வைக்கு அதிகப் பவர் கண்ணாடி போடுகிறவர்களுக்கும், கண்புரை அறுவை செய்துகொண்டவர்களுக்கும், கண்ணில் அடிபட்டவர்களுக்கும் முன்கூட்டியே வரலாம்.

பார்வை நரம்பு தொடங்கும் இடத்தைச் சுற்றி இந்தக் கூழ் வட்டமாக ஒட்டிக்கொண்டிருக்கும். அது பிய்ந்து வரும்போது அந்த வட்டமும் கூடவே வருவதுண்டு. எனக்கு அப்படித்தான். மாணவர்களின் நோட்டைத் திருத்தும்போது வெள்ளைத் தாளின் மேல், வாய் சரியாக மூடாத ஒரு சாம்பல் நிற வளையம் வரிக்கு வரி என் கூடவே வந்தது. டாக்டர்கள் அதை வைஸ் வளையம் என்கிறார்கள். விலகல் நடந்துவிட்டது என்பதற்கு அதுவே நல்ல அடையாளம்.

மின்னல் போல வெளிச்சம் தெரிவதற்குக் காரணம் வேறு. கூழ் உரியும்போது, இன்னும் ஒட்டியிருக்கும் இடத்தில் விழித்திரையை இழுக்கிறது. விழித்திரைக்கு வலி தெரியாது. அதைத் தொட்டாலும் இழுத்தாலும் வெளிச்சம் என்றுதான் மூளைக்குச் சொல்லும். அதனால்தான் இருட்டறையில் தலையைத் திருப்பும்போது கண்ணின் ஓரத்தில் ஒரு வளைந்த கீற்று பளிச்சென்று அடித்துப் போகிறது. வலியே இல்லையே, அப்படியென்றால் பெரிதாக எதுவும் இருக்காது என்று நினைப்பதில்தான் ஆபத்து. விழித்திரை கிழிந்தாலும் வலிக்காது.

இரண்டாவது: ஒவ்வொரு கண்ணாக மூடிப் பாருங்கள்

இரண்டு கண்ணையும் திறந்து வைத்திருந்தால் ஒரு கண்ணின் குறையை மற்றக் கண் மறைத்துவிடும். ஆகவே உள்ளங்கையால் ஒரு கண்ணை மூடுங்கள், அழுத்த வேண்டாம். எதிரே வெள்ளைச் சுவரையோ, மேகம் மூடிய வானத்தையோ பாருங்கள். சூரியன் பக்கம் வேண்டாம். எந்தக் கண்ணில் மிதக்கிறது, ஒன்று இரண்டா, எண்ணவே முடியாத அளவுக்கா என்று கவனியுங்கள்.

அப்புறம் பக்கப் பார்வை. நேரே ஒரு புள்ளியைப் பார்த்தபடியே இருங்கள். வீட்டில் ஒருவரை உங்கள் காதுப் பக்கத்திலிருந்து மெதுவாக விரலை ஆட்டிக்கொண்டு முன்னால் வரச் சொல்லுங்கள். மேல், கீழ், இடம், வலம் என்று நான்கு பக்கமும் செய்யுங்கள். ஏதாவது ஒரு பக்கத்தில் விரல் வெகுநேரம் தெரியாமல் இருந்து திடீரென்று தெரிந்தால், அந்தப் பக்கப் பார்வை குறைந்திருக்கலாம். கடைசியாக, இரண்டு கண்ணிலும் தனித்தனியாகச் செய்தித்தாளின் ஒரு வரியைப் படித்துப் பாருங்கள்.

ஒற்றைத் தலைவலிக்காரர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அவர்களுக்கு வரும் வெளிச்சம் கோட்டைச் சுவர் போல வளைந்து நெளிந்து, மினுமினுத்து, மெதுவாகப் பெரிதாகும். 20, 30 நிமிடத்தில் போய்விடும். எந்தக் கண்ணை மூடினாலும் தெரியும். விட்ரியஸ் இழுப்பால் வரும் வெளிச்சம் ஒரே கண்ணில், நொடிப் பொழுதில் அடித்து மறையும்.

மூன்றாவது: எவ்வளவு அவசரம்?

பல வருடமாக இருக்கிற ஓரிரண்டு புள்ளிகள், கூடவுமில்லை குறையவுமில்லை என்றால் அவசரமே இல்லை. அடுத்த முறை கண் பரிசோதனைக்குப் போகும்போது சொன்னால் போதும்.

புதிதாக ஒரு பெரிய மிதவை வந்திருக்கிறது, அல்லது மின்னல் தொடங்கியிருக்கிறது, பார்வை மட்டும் நன்றாகவே இருக்கிறது என்றால் அன்றைக்கோ மறுநாளோ கண் டாக்டர் பார்க்க வேண்டும். வாரக் கணக்கில் விடக்கூடாது.

மிளகுத்தூளைக் கொட்டியது போலப் புள்ளிகள் பொழிகிறதா? ஓரத்திலிருந்து ஒரு கறுப்புத் திரை இறங்குகிறதா, அல்லது கீழிருந்து ஏறுகிறதா? பார்வை சட்டென்று மங்கிவிட்டதா? அன்றைக்கே, அந்த மணி நேரத்திலேயே கிளம்புங்கள். புள்ளி மழை என்பது கிழிந்த இடத்தில் ரத்தக் குழாயும் சேர்ந்து பிய்ந்து, உள்ளே ரத்தம் கசிந்ததாக இருக்கலாம். திரை இறங்குவது விழித்திரையே சுவரை விட்டுக் கழன்று வருவதன் அடையாளம். நடுப்பார்வைக்குரிய பகுதி கழல்வதற்கு முன் அறுவை செய்தால் பார்வை பெரும்பாலும் காப்பாற்றப்படும். அது கழன்ற பிறகு செய்தால் பழைய கூர்மை திரும்புவது கடினம். சில நேரம் இந்த இரண்டு நிலைகளுக்கும் இடையில் ஒரு நாள்தான் இருக்கும்.

கண் சிவந்து, வலித்து, வெளிச்சம் கூசி, கூடவே மிதவையும் இருந்தால் அது வயதால் வந்ததாக இருக்காது. கண்ணுக்குள் அழற்சியாக இருக்கலாம். அதற்கும் உடனே போக வேண்டும்.

சர்க்கரை நோயாளிகளுக்கு இதைத் தனியாகச் சொல்ல வேண்டும். மொரீசியஸில் வயதுவந்தவர்களில் ஏறக்குறைய ஐந்தில் ஒருவருக்குச் சர்க்கரை இருக்கிறது, நம் வீடுகளில் சர்க்கரை இல்லாத வீடு எங்கே இருக்கிறது? நெடுநாள் சர்க்கரையால் விழித்திரையில் புதிதாக முளைக்கும் பலவீனமான குழாய்கள் உடைந்து ரத்தம் கசிந்தாலும் இதே புள்ளிகள்தான் தெரியும், இதே ஒட்டடைதான் தெரியும். ஆகவே உங்களுக்குச் சர்க்கரை இருந்தால் "வயசு" என்ற பதிலை யார் சொன்னாலும் ஏற்காதீர்கள்.

இன்னொன்றையும் மனசு கேட்காமல் சொல்கிறேன். தைப்பூசக் காவடிக்கு விரதம் எடுத்திருப்பவர்கள் "காவடி முடியட்டும், அப்புறம் பார்க்கலாம்" என்று தள்ளிப்போடுகிறார்கள். கோர் தெ கார்ட் மலை ஏறும்போது வெயிலில் வெளுத்த வானத்தில் பூச்சி இன்னும் அதிகமாகத் தெரியும், வெயிலால் வந்தது என்று நினைத்துவிடுவார்கள். விரதத்தோடேயே டாக்டரிடம் போகலாம். சொட்டு மருந்தால் விரதம் கலையாது. முருகன் காத்திருப்பான், கிழிந்த விழித்திரை காத்திருக்காது.

நான்காவது: எங்கே போவது, என்ன சொல்வது

அரசு மருத்துவம் இங்கே இலவசம். கண்ணுக்கென்று மோக்கா மாவட்டத்தில் நம் பாரதியாரின் பெயர் தாங்கிய சுப்ரமணிய பாரதி கண் மருத்துவமனை இருக்கிறது. தூரமாக இருந்தால் உங்கள் வட்டாரப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போங்கள். போர்ட் லூயிஸ்காரர்களுக்கு ஜீத்தூ, வடக்கே பம்ப்ளமூஸ், நடுப்பகுதிக்குக் காந்தோஸ் விக்டோரியா, தெற்கே ரோஸ் பெல், கிழக்கே ஃப்ளாக். அங்கே கண் டாக்டரிடம் அனுப்பச் சொல்லிக் கேளுங்கள். தனியார் கண் டாக்டரிடம் போக வசதி இருந்தால் அதுவும் சரிதான்.

கண்ணாடிக் கடையில் பவர் பார்த்துவிட்டு வருவது போதாது. எழுத்துப் பலகையில் கடைசி வரி வரை படித்தவருக்கும் ஓரத்தில் கிழிசல் இருக்கலாம். கண்மணியை விரித்துப் பார்த்தார்களா என்பதுதான் கேள்வி.

தமிழும் கிரியோலும் கலந்து பேசும் பெரியவர்கள் டாக்டர் முன்னால் உட்கார்ந்ததும் "கண் மங்கலா இருக்கு" என்று மட்டும் சொல்லிவிட்டு நின்றுவிடுகிறார்கள். மங்கல் என்றால் புரை என்று எடுத்துக்கொண்டு வரிசையில் பின்னால் போடுவதற்கு வாய்ப்புண்டு. மின்னல் அடிப்பதற்கு ஸெக்லேர், கறுப்புப் புள்ளிக்கு ப்வேன் ந்வார், திரைக்கு ரிடோ. இந்த மூன்று சொல்லும் போதும், பதிவு மேசையிலேயே சொல்லிவிடுங்கள். டாக்டர் பதிலுக்கு மூஷ் வொலாந்த் என்றால் நாம் பேசிக்கொண்டிருக்கும் இந்தப் பூச்சிகளைத்தான் சொல்கிறார்.

எப்போது தொடங்கியது, எந்தக் கண், கூடுகிறதா, கண்ணாடியின் பவர் என்ன, கண் அறுவை நடந்திருக்கிறதா, குடும்பத்தில் யாருக்காவது விழித்திரை கழன்றிருக்கிறதா, ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுகிறீர்களா, இதையெல்லாம் ஒரு சீட்டில் எழுதிக்கொண்டு போனால் நல்லது. அந்த மாத்திரையை நீங்களாக நிறுத்திவிடாதீர்கள்.

ஐந்தாவது: பரிசோதனை

வண்டி ஓட்டிக்கொண்டு போகாதீர்கள். சொட்டு மருந்து விட்டால் நான்கு முதல் ஆறு மணி நேரம் கிட்டத்தில் மங்கலாக இருக்கும், வெளியே வந்தால் வெயில் குத்தும். தொப்பியும் கறுப்புக் கண்ணாடியும் பையில் இருக்கட்டும். 60 தாண்டியவர்களுக்கு இங்கே பஸ் இலவசம், ஆனாலும் கூட ஒருவரை அழைத்துப் போங்கள். படியில் கால் வைப்பது கூடத் தடுமாறும்.

முதலில் பார்வையும் கண் அழுத்தமும் அளப்பார்கள். சொட்டு விட்டு 20, 30 நிமிடம் உட்கார வைப்பார்கள். பிறகு டாக்டர் தலையில் விளக்கு மாட்டிக்கொண்டு, கையில் ஒரு லென்ஸைப் பிடித்து, மேலே பார், கீழே பார், இடது ஓரம், வலது ஓரம் என்று சொல்லிக்கொண்டே பார்ப்பார். விளக்கின் வெளிச்சம் கடுமையாக இருக்கும், கண்ணீர் கொட்டும். சில நேரம் சின்னக் கரண்டிக் காம்பு போன்ற உலோகக் கருவியால் இமைக்கு மேலே லேசாக அழுத்துவார். விழித்திரையின் கடைசி ஓரத்தை நடுவுக்குத் தள்ளிக் காட்டத்தான் அது. கொஞ்சம் சிரமமாக இருக்கும், பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்துக்கொள்ளுங்கள். கிழிசல் பெரும்பாலும் அந்த ஓரத்தில்தான் ஒளிந்திருக்கும். இதற்கிடையே மரக்கிளை போலக் கிளைவிட்ட ஒரு உருவம் உங்களுக்கே தெரிந்தால் பதறாதீர்கள், அது உங்கள் விழித்திரை ரத்தக் குழாய்களின் நிழல்.

உள்ளே ரத்தம் மறைத்தால் இமை மேல் கருவி வைத்து ஸ்கேன் எடுப்பார்கள். ரத்தம் இருந்தால் கிழிசலுக்கான வாய்ப்பு பல மடங்கு கூடும். அதனால் ஒரே நாளோடு விடமாட்டார்கள், அடிக்கடி வரச் சொல்வார்கள்.

வெளியே வருவதற்கு முன் இரண்டு கேள்வி கேளுங்கள்: "ஓரம் வரை முழுசாகத் தெரிந்ததா? மறுபடி எப்போது வரவேண்டும்?" டாக்டரிடம் கேள்வி கேட்பது மரியாதைக் குறைவு என்று நம் பெரியவர்கள் நினைக்கிறார்கள். அப்படி ஒன்றும் இல்லை.

ஆறாவது: "ஒன்றுமில்லை" என்று சொன்ன பிறகு

அன்றைக்குக் கிழிசல் இல்லை என்றால் அன்றைக்கு இல்லை, அவ்வளவுதான். கூழ் முழுவதும் உரிந்து முடிய வாரக் கணக்காகும். ஒரு சிறு பங்கினருக்கு முதல் பரிசோதனைக்குப் பிறகுதான் கிழிசல் வருகிறது, அதில் பெரும்பாலானவை முதல் ஆறு வாரத்துக்குள். அதனால்தான் நான்கு முதல் ஆறு வாரத்தில் மறுபடி வரச் சொல்கிறார்கள். மின்னல் நின்றுவிட்டது என்று அந்தத் தேதியைத் தவறவிடாதீர்கள். இடையில் புதுப் புள்ளிகள் கொட்டினாலோ, திரை தெரிந்தாலோ தேதி வரை காத்திருக்க வேண்டாம்.

வாரம் ஒருமுறை கண்ணை மாற்றி மாற்றி மூடிப் பாருங்கள். மற்றபடி சமையல், தோட்டம், நடை, படிப்பு, தொலைக்காட்சி எதற்கும் தடை இல்லை. படிப்பதாலோ போனைப் பார்ப்பதாலோ இது வந்ததும் இல்லை, கூடப்போவதும் இல்லை. பாரம் தூக்குவது, காவடி எடுப்பது, பந்து விளையாட்டு இதெல்லாம் மறுபரிசோதனை முடிந்த பிறகு டாக்டரைக் கேட்டுச் செய்யுங்கள்.

கிழிசல் இருந்தால்

லேசர். கிழிசலைச் சுற்றி இரண்டு மூன்று வரிசையாகச் சூடு வைத்து விழித்திரையைச் சுவரோடு ஒட்டவைப்பார்கள். உட்கார்ந்த இடத்திலேயே முடியும், அன்றைக்கே வீடு திரும்பலாம். ஒட்டு பலப்பட ஓரிரு வாரம் ஆகும். பூச்சி இதனால் போகாது, விழித்திரை கழலாமல் தடுப்பதுதான் இதன் வேலை.

விழித்திரை கழன்றே விட்டால் அறுவை சிகிச்சை. நம்மில் பலர் இதற்குச் சென்னைக்கோ மதுரைக்கோ பறக்கிறார்கள், ஆகவே ஒன்றைக் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டும். அறுவையின் முடிவில் கண்ணுக்குள் வாயுக் குமிழி விட்டிருந்தால், அது கரையும் வரை விமானம் ஏறவே கூடாது. மேலே காற்றழுத்தம் குறைய, குமிழி விரிந்து, கண் அழுத்தம் ஏறி, பார்வையே போய்விடலாம். வாயுவின் வகையைப் பொறுத்து இரண்டு வாரம் முதல் இரண்டு மாதம் வரை அங்கேயே தங்க வேண்டியிருக்கும். திரும்பும் டிக்கெட்டை டாக்டரைக் கேட்ட பிறகே போடுங்கள். சிலிக்கான் எண்ணெய் வைத்தவர்களுக்கு இந்தத் தடை இல்லை.

பூச்சியோடு பழகுவது

கிழிசல் இல்லாத சாதாரண விலகலுக்கு மருந்து தேவையில்லை. சில மாதத்தில் மிதவை கொஞ்சம் கீழே இறங்கும், கொஞ்சம் தள்ளிப் போகும், மூளையும் அதைக் கண்டுகொள்ளாமல் விடப் பழகும். முதல் மாதம்தான் கஷ்டம். படிக்கும்போது குறுக்கே வந்தால் கண்ணை மேலும் கீழுமாக அசையுங்கள், கூழ் சுழன்று மிதவை விலகும். கணினித் திரையின் பளிச்சென்ற வெள்ளையைக் குறையுங்கள். கடற்கரைக்குப் போனால் கறுப்புக் கண்ணாடி போடுங்கள்.

வீட்டு வைத்தியத்தில் நான் கண்டிப்பானவன். தேன், வெங்காயச் சாறு, நந்தியாவட்டைச் சாறு, தாய்ப்பால் எதையும் கண்ணில் விடாதீர்கள். மிதவை இருப்பது கண்ணுக்கு உள்ளே, மேலே விடுவது அங்கே போய்ச் சேராது. கிருமி மட்டும் சேரும். அன்னாசி சாப்பிட்டால் கரையும் என்று இணையத்தில் ஒரு பேச்சு ஓடுகிறது. நம் ஊர் விக்டோரியா அன்னாசியை ருசிக்காகச் சாப்பிடுங்கள், மிதவையைக் கரைக்கும் என்பதற்கு நம்பத்தக்க சான்று இல்லை. சர்க்கரை உள்ளவர்கள் அளவோடு.

மிதவையை லேசரால் உடைக்கிறோம் என்று சில இடங்களில் சொல்வார்கள். சிலருக்குப் பயன் இருக்கலாம், ஆனால் அதற்கான ஆய்வுச் சான்று இன்னும் மெலிவாகவே இருக்கிறது. கூழையே எடுத்துவிடும் விட்ரெக்டமி அறுவை மிதவையை நிச்சயமாகக் குறைக்கும். ஆனால் கண்புரை விரைவில் வரும், விழித்திரை கழலும் அபாயமும், அரிதாகக் கிருமித்தொற்றும் உண்டு. பல மாதம் பார்த்த பிறகும் வேலையே செய்ய முடியாத அளவுக்கு மறைக்கிறது என்றால் மட்டும் அதைப் பற்றி டாக்டரோடு பேசுங்கள்.

வேறொன்றும் உண்டு. பரிசோதனையில் டாக்டர் "உள்ளே வெள்ளை வெள்ளையாக நிறையத் துகள் இருக்கிறது" என்பார், உங்களுக்கோ எதுவும் தெரியாது. கால்சியமும் கொழுப்பும் சேர்ந்த அந்தத் துகள்கள் பெரும்பாலும் ஒரு கண்ணில்தான் வரும், பார்வையை அநேகமாகக் கெடுக்காது. பயப்பட வேண்டாம்.

மற்றக் கண்

ஒரு கண்ணில் விலகியவர்களில் பலருக்கு, ஓரிரு வருடத்தில் மற்றக் கண்ணிலும் நடக்கும். முதல் கண்ணில் ஒன்றுமில்லை என்று முடிந்ததால் இதிலும் அப்படித்தான் என்று எடுத்துக்கொள்ள முடியாது. இரண்டாவது கண்ணுக்கும் சொட்டு மருந்து, விளக்கு, ஆறு வாரம் எல்லாம் முதலிலிருந்து வேண்டும். முதல் முறை கிழிசல் வந்தவர்கள் இன்னும் விழிப்பாக இருக்க வேண்டும், பழைய மருத்துவச் சீட்டுகளைப் பத்திரமாக வைத்திருந்து, மறுபடி மோக்காவுக்குப் போகும்போது கையோடு எடுத்துச் செல்லுங்கள்.